அடித்த வரியை உரக்கப் படிப்பவன்

என் தம்பி அஹ்ஸன் எங்கள் குடும்பத்தில் முதன்முதலாகக் கல்லூரிக்குப் போனவன். நான் எட்டாவதோடு நின்று, மங்கலம் சாலையில் ஒரு கம்பெனியில் செக்கிங் வேலைக்குப் போனவள். பனியனை உள்ளும் புறமும் திருப்பித் தையல் விட்டிருக்கிறதா, எண்ணெய்க் கறை இருக்கிறதா என்று பார்ப்பது என் தொழில். அவனைப் பற்றி இங்கே எழுதுவதையும் அப்படியே பார்த்திருக்கிறேன். அவனிடம் கேட்டேன். அவனோடு வேலை செய்கிற கிருத்திகாவிடமும் கேட்டேன். இருவர் சொன்னதும் ஒத்துப்போனதை மட்டும் எழுதுகிறேன்.

எங்கள் அத்தா பசீர் அகமது கம்பெனி கம்பெனியாகப் போய்க் கழிவுத் துணி எடுத்து விற்பவர். அவர் துணி எடுக்கும் ஒரு கம்பெனியிலேயே அஹ்ஸனுக்குக் கம்ப்யூட்டர் வேலை கிடைத்தது. முதலாளி தங்கராஜ். அவிநாசிப் பக்கம் தோட்டம் உள்ள குடும்பத்தில் பிறந்தவர். யாரையும் ஒருமையில் பேச மாட்டார். கூட்டுகிற அம்மாளைக்கூட வாங்க, போங்க என்பார். அவர் குரல் உயர்ந்து யாரும் கேட்டதில்லை. மகன் இப்படிப்பட்ட இடத்தில் சேர்ந்தானே என்று அத்தாவுக்கு நிறைவு.

அங்கே அஹ்ஸன் என்ன செய்தான் என்பதைச் சொல்ல வேண்டும். துணி வாங்குகிற வெளிநாட்டுக்காரரைப் பையர் என்பார்கள். அவர் சாம்பிள் பனியனைப் பார்த்துவிட்டுக் கழுத்துப் பட்டை, கை நீளம், அச்சு விழ வேண்டிய இடம் என்று திருத்தங்கள் சொல்வார். அவைதான் கமெண்ட். மெர்ச்சண்டைசராக இருப்பவர் அவற்றை எழுதிக் கட்டிங்குக்கும் தையலுக்கும் அனுப்ப வேண்டும். அங்கே அந்த வேலை கிருத்திகாவுடையது. முன்பு தாளில் அச்சடித்து அனுப்பினார்கள். தாள் தொலையும்; பழைய தாளை வைத்துக்கொண்டு புதுத் துணியை வெட்டுவார்கள். அதனால் மாடியில் கிருத்திகா எழுதுவது கீழே கட்டிங் மேஜையில் இருக்கும் டேப்லெட்டில் தெரிய வேண்டும் என்று தங்கராஜ் ஆசைப்பட்டார். டேப்லெட்டுகளை மலிவாகப் பார்த்து வாங்கியிருந்தார். பக்கம் கொஞ்சம் கனத்தாலும் அவை அசையாமல் நின்றுவிடும். தொட்டால் உடனே வர வேண்டும் என்பது ஒன்றுதான் அவர் அஹ்ஸனுக்குச் சொன்னது.

நான் திரும்பத் திரும்பக் கேட்டு அவனிடம் தெரிந்துகொண்டது இது. கம்ப்யூட்டரில் எழுதுகிற பெட்டிக்கு எடிட்டர் என்று பெயர். தடித்த எழுத்து, நிறம், அட்டவணை எல்லாம் வருகிற எடிட்டரை யாரும் முதலிலிருந்து செய்வதில்லை. அதற்கென்று ஃப்ரேம்வொர்க் கிடைக்கிறது. அதை எடுத்து நமக்கு வேண்டியபடி கோத்துக்கொள்ளலாம். ஆனால் அது பிரவுசருக்குள் மட்டுமே வேலை செய்யும். அதற்குத் திரை வேண்டும், கர்சர் வேண்டும், தட்டுகிற விரல் வேண்டும். அந்த டேப்லெட்டுகளுக்காக அஹ்ஸன் எடுத்துக்கொண்ட முறையோ வேறு. பக்கத்தின் துண்டுகளை, பக்கங்களை அனுப்பித் தருகிற கம்ப்யூட்டரான சர்வரிலேயே செய்து முடித்து, வெறுமனே பார்க்கும்படி அனுப்பிவிடுவது. சர்வர் காம்போனென்ட் என்றான். சர்வரில் திரையும் இல்லை, விரலும் இல்லை. எடிட்டரை அங்கே கொண்டுபோய் வைத்தபோதெல்லாம் அது பிழை காட்டி நின்றது. சோற்றில் கையை வைத்துக்கொண்டு யோசித்தபடி அவன் உட்கார்ந்திருந்த நாட்கள் அவை.

கடைசியில் இரண்டாகப் பிரித்தான். கிருத்திகா எழுதும் பக்கம் பிரவுசரில் ஓடியது. அவள் எழுதியது, எந்தச் சொல் தடிப்பு, எது சிவப்பு என்ற குறிப்புகளோடு சேமிப்பில் போய் உட்கார்ந்தது. கீழே படிக்கும் பக்கத்தில் எடிட்டரே கிடையாது. சர்வர் அந்தக் குறிப்புகளைப் படித்துப் பக்கமாக மாற்றி அனுப்பியது. அப்படி மாற்றும் வேலையை மட்டும் அவன் தன் கையால் எழுதினான். தடிப்பு என்றால் இப்படிக் காட்டு, நிறம் என்றால் இப்படிக் காட்டு, அட்டவணை என்றால் இப்படி. மலிவு டேப்லெட்டில் தொட்டவுடன் பக்கம் வந்தது.

அதைக் காட்டித்தான் கோயம்புத்தூரில் ஒரு மென்பொருள் கம்பெனியின் நேர்காணலுக்குப் போனான். எடிட்டரையும் சர்வர் பக்கத்தையும் எப்படிச் சேர்த்தாய் என்று அதையே குடைந்து குடைந்து கேட்டார்களாம். எல்லாவற்றுக்கும் பதில் சொன்னான். எடுத்துக்கொள்வதாகச் சொன்னார்கள். இப்போது வேலை செய்யும் இடத்தில் ஒரு வார்த்தை விசாரிப்போம், அது நல்லபடியாக வந்தால் உறுதி என்றார்கள். தங்கராஜிடம் சொன்னபோது அவர் சிரித்தார். கூப்பிடட்டும், சொல்கிறேன் என்றார். அந்த வெள்ளிக்கிழமை தொழுகை முடிந்து பள்ளிவாசலிலிருந்து வெளியே வந்தவர்களிடமெல்லாம் அத்தா கோயம்புத்தூர்ச் செய்தியைச் சொன்னார். என் கம்பெனியில் நானும் சொன்னேன்.

மெர்ச்சண்டைசர்களிடம் ஒரு வழக்கம் உண்டு. பையர் சொன்ன எதையும் அழிக்க மாட்டார்கள். ஒன்றைச் சொல்லிவிட்டுப் பிறகு வேண்டாம் என்றால், அந்த வரியின் குறுக்கே கோடு போட்டு அடித்து அப்படியே விட்டுவைப்பார்கள். நாளைக்கு நாங்கள் அப்படிச் சொல்லவே இல்லை என்று பையர் திரும்பினால் எடுத்துக் காட்ட வேண்டுமே. அடித்த வரி என்றால் ரத்து என்பது கட்டிங்கில் எல்லோருக்கும் தெரியும். தாள் இருந்த காலத்தில் சிவப்புப் பேனாவால் அடித்த கிருத்திகா, எடிட்டரில் அதற்கான பொத்தானைத் தேடினாள். இருந்தது. ஃப்ரேம்வொர்க்கோடு கேட்காமலே வந்த பொத்தான் அது. அஹ்ஸன் அதை ஒரு முறைகூடத் தொட்டதில்லை. அவனுக்கு ஒரு வரி வேண்டாம் என்றால் அழித்துவிடுவான். பக்கத்தைச் சோதிக்க அவனே தட்டிப் பார்த்த கமெண்டுகளில் அடித்த வரி ஒன்றும் இல்லை. எழுதும் பக்கத்தில் தானாக வந்த கோட்டை, படிக்கும் பக்கத்தில் அவன்தான் எழுதியிருக்க வேண்டும். எழுதவில்லை. சர்வரும் பிழை சொல்லவில்லை. கோட்டை விட்டுவிட்டு எழுத்தை மட்டும் காட்டியது.

உடல் நீளம் இரண்டு சென்டிமீட்டர் குறைக்கவும் என்பது அந்த வரி. பையர் சொல்லிவிட்டுப் பின்பு வேண்டாம் என்றது. கிருத்திகாவின் திரையில் அது அடித்திருந்தது. கட்டிங் மேஜையில் அடிக்காமல் இருந்தது. கட்டிங் மாஸ்டர் கிட்டுசாமி படித்தார், குறைத்து வெட்டினார். நீளம் கூடினால் கத்தரிக்கலாம். குட்டையாகப் போனதை ஒன்றும் செய்ய முடியாது.

தையலில் அளவு பார்த்தபோதுதான் தெரிந்தது. தங்கராஜ் கட்டிங் மேஜைக்கு வந்து நின்றார். கிட்டுசாமி டேப்லெட்டைக் காட்டி, இதில் உள்ளபடிதான் வெட்டினேன் என்றார். கிருத்திகா மாடியிலிருந்து லேப்டாப்பைத் தூக்கி வந்து, வரி அடித்திருப்பதைக் காட்டினாள். கிட்டுசாமி முன்பு ஒரு முறை பழைய தாளை வைத்து வெட்டி மாட்டியவர். தங்கராஜுக்கு அதுவே போதுமாக இருந்தது. போன தடவை பழைய தாள், இந்தத் தடவை பழைய பக்கமா என்று கேட்டார். இனி வீட்டில் இருந்து ஓய்வெடுத்துக்கொள்ளுங்கள் மாஸ்டர் என்றார். அதையும் மரியாதையாகவே சொன்னார். கிட்டுசாமி டேப்லெட்டைத் தேய்த்துத் தேய்த்துப் பார்த்துக்கொண்டிருந்தார். இரண்டு பெண்களைப் பெற்றவர்.

அப்போதுதான் அஹ்ஸனைக் கூப்பிட்டார்கள். இரண்டு திரைகளையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தவுடன் அவனுக்குப் புரிந்துவிட்டது. அங்கே நின்ற வேறு யாருக்கும் அது புரிந்திருக்க வழியில்லை. நெட்வொர்க் சரியில்லை, பக்கம் பழையதாகவே நின்றுவிட்டது என்று சொல்லியிருந்தால் எல்லோரும் நம்பியிருப்பார்கள். கிட்டுசாமி போயிருப்பார், இவன் கோயம்புத்தூர் போயிருப்பான். இதை நான் பிறகு அவனிடம் கேட்டேன். தோன்றியது என்றான், தோன்றியபோதே வாய் வேறு சொல்லிவிட்டது என்றான்.

"மாஸ்டர் மேல தப்பில்லீங்க சார். அவரு பாத்த பக்கத்துல கோடே விழலீங்க. அதைக் காட்டறதுக்கு நான் எழுதாம விட்டுட்டேனுங்க."

அங்கேயே நின்று, கிருத்திகாவின் லேப்டாப்பில் விடுபட்டதை எழுதினான். டேப்லெட்டை மறுபடி தொட்டபோது அந்த வரியின் குறுக்கே கோடு விழுந்தது. தங்கராஜ் குனிந்து பார்த்தார்.

"இவ்வளவுதானுங்களா தம்பி?"

"ஆமாங்க சார்."

"இவ்வளவுதான்னா முந்தியே போட்டிருக்கலாமுங்களே."

சுற்றி நின்றவர்கள் சிரித்தார்கள். முதலில் சிரித்தவர் கிட்டுசாமி.

மறுநாள் கழிவுத் துணி எடுக்க வரச் சொல்லி அத்தாவுக்குப் போன் வந்தது. குட்டையாகப் போன துண்டுகளில் பெரும்பகுதியைத் தங்கராஜ் குழந்தை அளவுக்குத் திருப்பி வெட்டி, உள்ளூர் ஆர்டர் ஒன்றுக்குச் சேர்த்துவிட்டார். போனது பாதிகூட இல்லை என்று கிருத்திகா சொன்னாள். அதை அவர் யாரிடமும் வாய்விட்டுச் சொல்லவில்லை. உதவாத மிச்சத்துக்குத்தான் அத்தாவைக் கூப்பிட்டார். அஹ்ஸன் வீட்டில் எதுவும் சொல்லியிருக்கவில்லை. அத்தா எப்போதும்போல வண்டியை எடுத்துக்கொண்டு போனார்.

தங்கராஜ் கட்டிங் ஹாலின் நடுவில் நாற்காலி போடச் சொல்லி அத்தாவை உட்கார வைத்தார். டீ வரவழைத்தார். அஹ்ஸனையும் கீழே வரச் சொன்னார்.

"பாய், இன்னைக்கு உங்களுக்கு நல்ல சரக்குங்க. எல்லாம் தம்பி பாத்து ஒதுக்கிக் குடுத்தது. அப்பனுக்கு மகன் ஏவாரம் புடிச்சுக் குடுக்கறது வேற எந்தக் கம்பெனில நடக்குமுங்க?"

பிறகு நடந்தது முழுவதையும் நிதானமாக, ஒன்றையும் கூட்டாமல் சொன்னார். அத்தா டீயைக் குடித்து முடித்தார். எழுந்து மூட்டை கட்டினார். அஹ்ஸன் தூக்கிவிடப் போனான். தங்கராஜ் அவன் தோளைத் தொட்டு நிறுத்தினார். நீங்கள் படித்தவர், கையை அழுக்காக்கிக்கொள்ளாதீர்கள், பாய்க்கு இது பழக்கம்தான் என்றார். அத்தாவுக்கு இடுப்பு வலி உண்டு. வழக்கமாக ஏற்றிவிட ஆள் கொடுப்பார்கள். அன்று யாரும் வரவில்லை. மூட்டை மூட்டையாக முதுகில் ஏற்றி வாசல் வரை அவர் கொண்டுபோவதை மகன் நின்று பார்க்க வேண்டியிருந்தது. வீட்டுக்கு வந்த அத்தா கோயம்புத்தூர் விஷயத்தை வெளியே யாரிடமும் இனிப் பேச வேண்டாம் என்று என்னிடம் மட்டும் சொன்னார்.

அஹ்ஸனுக்கு வேலையை விட்டுப் போய்விட வேண்டும்போல் இருந்தது. போனால் கோயம்புத்தூருக்கு யார் பதில் சொல்வது? தங்கராஜுக்கும் அது தெரியும். அன்று சாயங்காலமே அவனைக் கூப்பிட்டுச் சொன்னார்.

"பக்கத்தை நம்பி ஒருக்கா ஏமாந்தாச்சுங்க. நாளைக்கிருந்து காலைல நீங்களே வந்து நின்னு கமெண்ட்டைச் சத்தமாப் படிச்சுப்போடுங்க. அடிச்சதையும் உடாம படிங்க, அடிச்சதுன்னு சொல்லுங்க. கோயமுத்தூர்க்காரங்க கூப்புடற வரைக்குந்தானுங்க."

அப்படி ஆரம்பித்தது. காலையில் மெஷின் ஓடுவதற்கு முன், கட்டிங் மேஜையின் தலைமாட்டில் டேப்லெட்டோடு நிற்பான். கழுத்துப் பட்டை இத்தனை. கை விளிம்பு இப்படி. அச்சு இன்ன இடத்தில், அடிச்சது. நீளம் கூட்டவும், அடிச்சது. ஒவ்வொரு முறையும் அந்தச் சொல்லைப் பின்வரிசைக்குக் கேட்கும்படி சொல்ல வேண்டும். மெல்லச் சொன்னால் காதில் விழவில்லை என்று கிட்டுசாமி மறுபடி படிக்கச் சொல்வார்.

முதல் சில நாட்கள் கிட்டுசாமி தலையைக் குனிந்தபடிதான் கேட்டார். தன் வேலையைக் காப்பாற்றிய பையன் எதிரில் நிற்கிறான் என்ற கூச்சம் இருந்திருக்கும். ஆனால் முதலாளி தன் அறைக் கண்ணாடிக்குப் பின்னாலிருந்து பார்க்கிறார், மற்றவர்கள் சிரிக்கிறார்கள். கூச்சம் போய்விட்டது. டீ வந்தால், "ஏனுங் தம்பி, இது குடிக்கறதுங்களா, அடிச்சதுங்களா?" என்பார். அஹ்ஸனுக்குப் பெண் பார்க்கிறார்கள் என்று யாரோ அங்கே சொல்லப்போக, "பொண்ணூட்டுக்காரங்க மாப்பளயப் பாத்துட்டு அடிச்சுப்போட்டாங்களாமா?" என்று கேட்டார். பீகாரிலிருந்து வந்து துணி விரிக்கிற ஆட்களுக்குத் தமிழ் அவ்வளவாக வராது. அவர்கள் முதலில் கற்றுக்கொண்ட சொற்களில் அடிச்சதும் ஒன்று. அவன் படியிறங்கும்போதே அங்கிருந்து ஒருவர் அதைச் சொல்லுவார். இங்கிருந்து ஒருவர் திருப்பிச் சொல்லுவார்.

பக்கம் சரியாகத்தான் இருந்தது. அவன் திருத்திய நாளிலிருந்து ஒரு கோடும் விடுபடவில்லை. எடிட்டரில் உள்ள ஒவ்வொரு பொத்தானையும் அழுத்தி எழுதி, அத்தனையும் படிக்கும் பக்கத்தில் வருகிறதா என்று தானாகவே சோதித்துக்கொள்ளும் ஏற்பாடும் செய்துவைத்தான். அதைத் தங்கராஜிடம் போட்டுக் காட்டினான். அவர் முழுவதும் பார்த்தார்.

"தெரியுமுங்க தம்பி, சரியாத்தான் இருக்குது. இருந்தாலும் உங்க வாயில கேட்டா ஒரு நிம்மதிங்க."

கிருத்திகாவால் தாங்க முடியவில்லை. வேண்டாத வரிகளை அடிக்காமல் அழிக்க ஆரம்பித்தாள். படிப்பதற்கு அடித்த வரியே இல்லாமல் போனால் அவன் பாட்டுக்குப் படித்துவிட்டுப் போவான் என்று நினைத்தாள். நல்ல மனம்தான். தங்கராஜ் அதைக் கண்டுபிடித்துவிட்டார். நாளைக்குப் பையர் கேட்டால் எதை எடுத்துக் காட்டுவீர்கள் அம்மிணி என்று கேட்டார். அழித்ததையெல்லாம் மெயிலைப் பார்த்துத் திரும்ப எழுதி, திரும்ப அடிக்க வைத்தார். அன்று அஹ்ஸன் படித்த பக்கம் முக்கால்வாசி அடித்த வரிகளாகவே இருந்தது. ஹால் முழுக்கக் கூட்டாகச் சொல்லிக்கொண்டிருந்தார்கள்.

நான் அவனை விட்டுவிட்டு வரச் சொன்னேன். ஒரு போன் வரட்டும் அக்கா, ஒரே ஒரு போன் என்றான். அவர் நல்லபடியாகச் சொல்வார் என்று எதை வைத்து நம்புகிறாய் என்று கேட்டேன். அவர் பொய் சொல்லி நான் பார்த்ததில்லை என்றான்.

போன் ஒரு மத்தியானம் வந்தது. தங்கராஜ் அஹ்ஸனை அறைக்குக் கூப்பிட்டு, எதிரில் உட்கார வைத்து, சத்தம் வெளியே கேட்கும்படி போனை மேஜையில் வைத்தார். ஏதோ கையெழுத்துக்காகக் கிருத்திகாவும் உள்ளே நின்றிருந்தாள். அந்தப் பக்கம் பேசியவர் ஒரு பெண். வேலை எப்படி என்று கேட்டார். அருமையாகச் செய்வார் என்றார் தங்கராஜ். நேரத்துக்கு வருவாரா என்றார். எனக்கு முன்னால் வந்து நிற்பார் என்றார். நேர்மை எப்படி என்று கேட்டபோது, தங்கராஜ் அஹ்ஸனைப் பார்த்துச் சிரித்தார்.

"அதுல கொறையே சொல்ல முடியாதுங்க. தப்புப் பண்ணுனா யாரும் கேக்கறதுக்கு முந்தி அவரே வந்து ஒத்துக்குவாருங்க."

என்ன தப்பு என்று அந்தப் பெண் கேட்டார். கேட்காமல் எப்படி இருப்பார்?

"எனக்குக் கம்ப்யூட்டரெல்லாம் தெரியாதுங்க அம்மிணி. எழுதறது ஒரு பக்கமாமா, படிக்கறது ஒரு பக்கமாமா. பையர் வேண்டாம்னு ரத்துப் பண்ணுனதை வேணும்னு காட்டுற மாதிரி எழுதிப்போட்டாருங்க. அந்தப் பையருக்கு வெட்டுன லாட்டே போச்சுங்க. பாவம், வேணும்னு பண்ணலீங்க. இப்ப என்னன்னா, பக்கத்தை நம்பாம அவரையே நின்னு படிக்கச் சொல்லியிருக்கறோமுங்க. நல்ல பையனுங்க. நீங்க தாராளமா எடுத்துக்கலாமுங்க."

அந்தப் பெண் நன்றி சொல்லி வைத்துவிட்டார். எந்தப் பக்கத்தைக் காட்டி அவன் அந்த வேலையை வாங்கினானோ, அந்தப் பக்கத்தைப் பற்றித்தான் அவர் சொன்னார். சொன்னதில் ஒரு சொல்லும் பொய்யில்லை. திருத்திவிட்டான் என்பதையும் நஷ்டம் பாதிகூட இல்லை என்பதையும் மட்டும் சொல்லவில்லை.

"நல்லாத்தானுங்களே சொன்னேன், தம்பி?"

அஹ்ஸன் ஆமாம் என்றான். ஆமாங்க சார் என்றான் என்று கிருத்திகா திருத்தினாள். சாயங்கால வெட்டுக்கு மேஜையில் காத்திருக்கிறார்கள் என்று தங்கராஜ் சொன்னார். அவன் டேப்லெட்டை எடுத்துக்கொண்டு கீழே போய்ப் படித்தான். குரல் எப்போதும்போல் இருந்ததாம். கோயம்புத்தூரிலிருந்து அந்த வாரமே மெயில் வந்தது. அந்த இடத்துக்கு வேறு ஒருவரை எடுத்துவிட்டதாக எழுதியிருந்தார்கள். வேறு ஆள் எடுத்துட்டாங்களாம் அத்தா என்று சாப்பிடும்போது சொன்னான். அத்தா குழம்பை அவன் பக்கம் நகர்த்தினார்.

இப்போதும் அவன் அங்கேதான் வேலை செய்கிறான். இப்போதும் படிக்கிறான். நடுவில் இன்னும் இரண்டு கம்பெனிகள் அவனை எடுத்துக்கொள்வதாகச் சொல்லி, தங்கராஜிடம் பேசிய பிறகு பதில் சொல்லாமல் போய்விட்டன. எடிட்டரைப் பற்றியும் சர்வரைப் பற்றியும் அவனிடம் கேட்டவர்கள் யாரும் குறை சொல்லவில்லை. எங்கே விண்ணப்பித்தாலும் இப்போதைய முதலாளியின் பெயரும் போன் நம்பரும் கேட்கிறார்கள். கிருத்திகாவின் நம்பரைப் போடு, முதலாளியின் தங்கை என்று சொல்லி அவளே பேசிவிடுவாள் என்று நான் சொல்லிப் பார்த்தேன். கிருத்திகாவும் தயாராகத்தான் இருந்தாள்.

"அவருதானக்கா மொதலாளி" என்று சொல்லிவிட்டு, விண்ணப்பத்தில் தங்கராஜின் நம்பரையே தட்டினான். தட்டியதை ஒரு முறை சரிபார்த்தும் கொண்டான்.